கப்பலேறி வந்த காப்பு

அடையாறு கடலோடு கலக்கும் கழிமுகத்துக்குத் தெற்கே, எலியட்ஸ் கடற்கரையின் வடகோடியில், படகுகளும் வலைகளும் கருவாட்டு மணமும் நெருங்கிய வீடுகளுமாக அமைந்திருக்கிற ஊரூர் ஒல்காட் குப்பத்தில் நின்றுகொண்டு ஒருவர் நாற்புறமும் நோக்குவாரானால், கடவுளிடம் காப்பு வேண்டி மனிதர் கைக்கொண்ட மார்க்கங்கள் பலவற்றையும் நடந்தே சென்று காணக்கூடிய தூரத்துக்குள் காண்பார். குப்பத்துக்குள்ளேயே எல்லையம்மன் கோயில் இருக்கிறது. தெற்கே சென்றால், 1970களில் எழுந்த வேளாங்கண்ணி மாதா ஆலயமும், 1976இல் குடமுழுக்குக் கண்ட அஷ்டலட்சுமி கோயிலும் கடலோரத்திலேயே நிற்கின்றன. மேற்கே, 1882இல் பிரம்மஞான சபையார் வாங்கிய பரந்த தோட்டத்தினுள், எல்லாச் சமயங்களும் சமம் என்ற கொள்கையின் சாட்சியாகக் கட்டப்பட்ட வழிபாட்டிடங்களுள் சிறியதொரு மசூதியும் உண்டு. அச்சபையின் தலைவராக இருந்து, 1907இல் அடையாற்றிலேயே காலமான கர்னல் ஒல்காட்டின் பெயரைத்தான் குப்பத்தின் ஒரு பாதி தாங்கி நிற்கிறது.

இக்குப்பத்தார் பெரும்பாலும் இஸ்லாமியர் அல்லர். ஆகவே இஸ்லாமிய ஓதல்களைப் பற்றி ஆராயப் புகுபவன் நாகூரிலோ காயல்பட்டினத்திலோ தொடங்காமல் இங்கே தொடங்குவானேன் என்று கேட்கலாம். ராத்திபு என்றும் ஹிஸ்பு என்றும் விர்து என்றும் வழீபா என்றும் பலவாறாக வழங்கப்படுகிற அந்த ஓதல்களை இதுவரை ஆராய்ந்தவர்கள் பெரும்பாலும் மதரஸாவின் வாயிலாகவோ தர்காவின் வாயிலாகவோ அவற்றை அணுகியிருக்கிறார்கள். ஆனால் அவற்றின் பிறப்பையும் பரவலையும் கூர்ந்து பார்க்குந்தோறும், அவை கல்விக்கூடத்துச் சரக்கல்ல, கடலோடிகளின் உடைமை என்றே எனக்குத் தோன்றுகிறது. கடலுக்குப் போகிறவனுக்குக் காற்றைப் பற்றிய அறிவும் வேண்டும், காற்றின் மேல் தனக்கு அதிகாரமில்லை என்ற அறிவும் வேண்டும். வாடை எப்போது திரும்பும், கொண்டல் எதைக் கொண்டுவரும், விடியற்காலத்துக் கச்சான் எவ்வளவு தூரம் தள்ளிக்கொண்டு போகும் என்பனவற்றைக் குப்பத்துப் பெரியவர்கள் சாஸ்திரம் போலவே அறிந்திருந்தும், ஆடி மாதத்தில் அம்மனுக்குக் கூழ் வார்ப்பதை நிறுத்திவிடவில்லை; அதற்குக் காரணம் அறியாமையன்று. இந்த இரட்டை ஞானம் கைவரப்பெற்ற கரையில் நின்று பார்த்தால்தான் ராத்திபின் இயல்பு விளங்கும்.

இத்தகைய ஓதல்களுள் கடலின் பெயரையே தாங்கியது ஹிஸ்புல் பஹ்ர். இதனை அருளியவர் மொராக்கோ நாட்டின் ஃகுமாரா மலைப்பகுதியில் பிறந்து, துனீசியாவில் பேர்பெற்று, எகிப்தின் அலெக்சாந்திரியாவில் நிலைத்த அபுல் ஹசன் ஷாதுலி. பதின்மூன்றாம் நூற்றாண்டின் முற்பாதியில் வாழ்ந்து 1258இல் மறைந்தவர். இறுதிக் காலத்தில் கண்ணொளி இழந்தவர். ஹஜ்ஜுக்குப் புறப்பட்ட ஓர் ஆண்டில், ஒரு கிறிஸ்தவ மாலுமியின் படகில் அவர் ஏறினார் என்றும், கெய்ரோவின் குன்றுகள் இன்னும் கண்ணுக்குத் தெரிகிற தூரத்திலேயே எதிர்க்காற்று பல நாள் படகைத் தடுத்து நிறுத்திவிட்டது என்றும், பகை கொண்டோர் எள்ளி நகைத்தனர் என்றும், அந்நிலையில் நபிகள் நாயகம் கனவில் தோன்றி இவ்வோதலைக் கற்பித்தனர் என்றும், விழித்தெழுந்த ஷெய்கு அதனை ஓதிப் பாயை விரிக்கச் சொன்னதும் காற்று திரும்பிற்று என்றும் மரபினர் உரைப்பர். இந்நிகழ்ச்சி நைல் நதியில் நடந்தது என்பாரும் உளர், செங்கடலில் நடந்தது என்பாரும் உளர். எனக்கு இதில் சுவையாகப் படுவது அற்புதமன்று. ஏற்ற காற்றில்லாமல் ஊரைப் பார்த்தபடியே நாட்கணக்காகக் கிடக்க நேர்ந்த அவமானம். புயலில் பிறந்ததாகச் சொல்லியிருந்தால் கதை இன்னும் கம்பீரமாக இருந்திருக்கும். மரபோ அதைப் புயலில் பிறப்பிக்காமல் தாமதத்தில் பிறப்பித்திருக்கிறது. ஆகையால் இது கப்பலில் நாட்களை எண்ணிக் கழித்தவர்கள் பேணிய கதை என்று கொள்வதில் தவறில்லை.

ஓதலின் உள்ளடக்கமும் இதனையே உறுதிப்படுத்துகிறது. இறைவனின் திருநாமங்கள் சிலவற்றை விளித்துத் தொடங்கும் இதில் முதலில் கேட்கப்படுவது அலையிலிருந்து காப்பன்று. அசைவிலும் அமைதியிலும், சொல்லிலும் எண்ணத்திலும், உள்ளத்தில் திடீரென்று எழும் நினைவுகளிலும் ஐயமும் வீண்கற்பனையும் புகுந்துவிடாதபடி காக்க வேண்டும் என்பதே முதல் விண்ணப்பம். அடுத்து, மதீனா நகரம் முற்றுகையிடப்பட்ட காலத்தில் விசுவாசிகள் உலுக்கப்பட்ட நிலையைச் சொல்லும் குர்ஆன் வாசகம் நினைவூட்டப்படுகிறது. அதற்குப் பிறகுதான் மூஸாவுக்குக் கடலும், இப்ராஹீமுக்கு நெருப்பும், தாவூதுக்கு மலையும் இரும்பும், சுலைமானுக்குக் காற்றும் ஜின்களும் வசப்படுத்தப்பட்டதைப் போல் இந்தக் கடலும் வசப்பட வேண்டும் என்ற வேண்டுதல் வருகிறது. நல்ல காற்று கேட்கப்படுவது அதற்கும் பின்னர். குர்ஆன் அத்தியாயங்கள் சிலவற்றின் முகப்பில் நிற்கும் தனி எழுத்துகள் இடையிடையே மும்முறை, எழுமுறை என்று கணக்கோடு உச்சரிக்கப்படுகின்றன. மனத்தின் கலக்கத்தை முதற்பகையாகவும் கடலின் கலக்கத்தை இரண்டாம் பகையாகவும் நிறுத்தும் இந்த வரிசையமைப்பு தற்செயலாக நேர்ந்ததென்று கருத இயலவில்லை.

மயிலாப்பூர் வாசகருக்குக் கந்தர் சஷ்டி கவசம் நன்றாகத் தெரியும். பத்தொன்பதாம் நூற்றாண்டில் தேவராய சுவாமிகள் இயற்றிய அக்கவசம், ஓதுபவனின் உடலைத் தலை முதல் கால் வரை உறுப்பு உறுப்பாக எண்ணி ஒவ்வொன்றுக்கும் வேலைக் காவல் வைத்து, பின் பேயும் விலங்கும் விஷமும் விலகும்படி கட்டளையிடுகிறது. அது உடலை எண்ணுகிறது. ஹிஸ்புல் பஹ்ரோ முன்னோரை எண்ணுகிறது. எந்த நபிக்கு எந்தப் பூதம் அடங்கிற்று என்று பழைய உதவிகளை இறைவனுக்கு நினைவூட்டி, அந்தக் கணக்கில் தன்னையும் சேர்த்துக்கொள்ளக் கோருகிறது. வீட்டிலிருந்து ஓதுபவனுக்கு உடலே அவன் காக்க வேண்டிய எல்லை. நடுக்கடலில் இருப்பவனுக்குத் தன் உடலைவிடத் தனக்கு முன் கடல் தாண்டியவர்களின் நினைவு பெரிய ஆதாரம். இரண்டும் கவசங்களே, அணிகிறவர்களின் தொழில்தான் வேறு.

இனி, இந்த எகிப்திய ஓதலுக்கும் நம் கரைக்கும் உள்ள சம்பந்தத்தைப் பார்ப்போம். மொராக்கோவின் தாஞ்சியர் நகரத்து யாத்திரிகர் இப்னு பதூதா 1326இல் அலெக்சாந்திரியாவை அடைந்தபோது, ஷாதுலியின் சீடருக்குச் சீடரான யாகூத் ஹபஷி என்பாரைக் கண்டார். ஷெய்கின் மரணத்தைப் பற்றி யாகூத் சொன்ன செய்தியைத் தம் பயண நூலில் அவர் பதிவு செய்திருக்கிறார்: ஆண்டுதோறும் மேல் எகிப்து வழியாக ஹஜ்ஜுக்குச் செல்லும் ஷெய்கு, கடைசி ஆண்டில் மட்டும் மண்வெட்டியும் கூடையும் பிரேதத்துக்கு இடும் வாசனைப் பொருளும் எடுத்துக்கொள்ளும்படி பணியாளனிடம் சொன்னாராம், எதற்கென்று கேட்டவனுக்கு, ஹுமைதிராவில் தெரியும் என்றாராம், அந்தப் பாலைவனத் துறையில் தொழுகையில் இருக்கும்போதே உயிர் நீத்தாராம். நூலின் இதே இடத்தில், ஷெய்கு கப்பலில் நாள்தோறும் ஓதி வந்ததும், அவர் சீடர் அன்றும் ஓதி வந்ததுமான ஹிஸ்பு முழுவதையும் இப்னு பதூதா எழுதி வைத்திருக்கிறார். இவ்வோதலுக்கு நமக்குக் கிடைக்கும் பழைய பதிவுகளுள் அது ஒன்று.

அதே இப்னு பதூதா ஏறத்தாழப் பதினெட்டு ஆண்டுகளுக்குப் பின், 1344இல், இலங்கையிலிருந்து மஃபர் என்று அரபியர் அழைத்த நம் சோழமண்டலக் கரைக்குக் கப்பலேறினார். வழியில் காற்று கடுமையாயிற்று. மாலுமிக்கு வழி தெரியவில்லை. கப்பல் பாறையை நெருங்கித் தப்பி, ஆழமற்ற இடத்தில் தரைதட்டியது. பாய்மரத்தை வெட்டி எறிந்தார்கள். மாலுமிகள் கட்டிய தெப்பத்தில் தம்முடன் வந்தவர்களை முதலில் அனுப்பிவிட்டு, அவர் உடைந்த கப்பலின் பின்பகுதியிலேயே இரவைக் கழித்தார். பொழுது விடிந்ததும், அந்நாட்டு மக்கள், முஸ்லிம் அல்லாதவர்கள், படகில் வந்து அவரையும் மற்றவர்களையும் கரை சேர்த்தார்கள். பின்னர் மதுரைச் சுல்தான் கியாசுத்தீனின் பாசறைக்கு அவர் அழைத்துச் செல்லப்பட்டார்.

கடலுக்கான ஓதலைத் தம் நூலில் முழுமையாக எழுதி வைத்த ஒருவர், தாமே கடலில் சிக்கிய இரவை விவரிக்கும் இடத்தில் அவ்வோதலைப் பற்றிப் பேசவில்லை. தெப்பத்தையும் கயிற்றையும் காலையில் வந்த படகையும் பற்றியே பேசுகிறார். இதைக் கொண்டு அவருக்கு ஓதலில் நம்பிக்கை இல்லையென்று முடிவு கட்டுவது அவசரமாகும். அவர் அற்புதங்களை மறைப்பவர் அல்லர், நிறையவே சொல்பவர். ஓதல் என்பது அவர் காலத்துக் கடலோடிகளுக்கு ஆபத்து வந்தபின் எடுத்து வீசும் ஆயுதமாக இல்லாமல், ஆபத்து வருமுன்பே அன்றாடம் பிற்பகல் தொழுகையான அஸர் வேளையில் செய்து முடிக்கிற கடமையாக இருந்தது என்பதற்கே இது சாட்சியம் என்று நான் கருதுகிறேன். செய்து முடித்த கடமையை யாரும் தனியே எடுத்துச் சொல்வதில்லை. அவரைக் கரை சேர்த்த படகோட்டிகளின் ஊர் இன்னதென்று நூல் சொல்லவில்லை. இக்கரையின் ஏதோ ஒரு குப்பம் என்ற மட்டில் அமைவோம்.

ஓதல் அன்றாடக் கடமையாக இருந்ததென்றால், அபாய வேளைக்கென்று அவர்களிடம் வேறொரு நடைமுறை இருந்தது. இப்னு பதூதாவே அதையும் சொல்கிறார். பாரசீகத்துக் காஸிரூன் நகரில் அடங்கியிருந்த அபூ இஸ்ஹாக் என்னும் பெரியாரிடம் இந்தியக் கடலிலும் சீனக் கடலிலும் செல்வோர்க்கு மிகுந்த பக்தி. காற்று மாறினாலோ கடற்கொள்ளையர் பயம் நேர்ந்தாலோ பயணிகள் அவர் பேரால் நேர்ச்சை செய்து, இன்னார் இவ்வளவு தருவதாக எழுதியும் வைப்பார்கள். கப்பல் நலமாகத் துறை சேர்ந்ததும் அந்த மடத்துப் பணியாளர் கப்பலில் ஏறி, பட்டியலைப் பார்த்து நேர்ச்சைப் பணத்தைத் தண்டுவார்கள். கோழிக்கோட்டிலும் கொல்லத்திலும் இதற்கென்றே அம்மரபின் ஷெய்குகள் இருந்தார்கள். பக்தியும் கணக்கும் இவ்வளவு நேர்த்தியாகக் கைகோத்த ஓர் ஏற்பாட்டை வேறெங்கும் எளிதில் காண முடியாது. பிற்கால இன்ஷூரன்ஸ் கம்பெனிக்காரர்கள் முன்பணம் வாங்கிக்கொண்டார்கள். காஸிரூன் மடத்தாரோ பிழைத்து வந்தவனிடம் மட்டுமே வாங்கினார்கள்.

கடலோடிகளின் இந்த உலகத்தில் அடுத்து வந்து தமிழ்க் கரையில் ஆழ வேரூன்றியது ஹத்தாது ராத்திபு. இதனைத் தொகுத்தவர் தென் அரேபியாவின் ஹள்ரமௌத்து நாட்டில், தரீம் நகரில் 1634 முதல் 1720 வரை வாழ்ந்த இமாம் அப்துல்லாஹ் இப்னு அலவி அல் ஹத்தாது. நான்கு வயதளவில் பெரியம்மையால் பார்வையை இழந்தவர். ஷாதுலியும் பார்வை இழந்தவர் என்று மேலே கூறினோம்; தமிழ் முஸ்லிம் இல்லங்களில் இன்றும் ஓதப்படும் புர்தா என்னும் நபிபுகழ்க் காவியத்தை இயற்றிய பூஸீரியோ பக்கவாதத்தால் பாதி உடல் செயலற்றுக் கிடந்தபோது அதை இயற்றிக் குணமடைந்ததாக வரலாறு. காப்புக்கென்று உலகமே நாடும் மூன்று ஓதல்களும் உடலால் உதவியின்றி நிற்க முடியாத நிலையை அறிந்தவர்களின் வாயிலிருந்து வந்திருப்பதைக் கவனிக்க வேண்டும். வல்லவர்கள் சாசனம் எழுதினார்கள்; இவர்கள் விண்ணப்பம் எழுதினார்கள்.

ஹத்தாது ராத்திபு பிறந்த காரணம் கடலன்று, படையெடுப்பு. 1660ஐ ஒட்டி வடயமனின், ஷியாப் பிரிவுகளுள் ஒன்றான ஸைதி இமாமுடைய படை ஹள்ரமௌத்துக்குள் புகுந்தது. அதனால் தங்கள் கொள்கை குலைந்துவிடுமோ என்று அஞ்சிய ஷிபாம் பக்கத்து மாணாக்கர் ஒருவர், ஊரார் கூடி ஓதுவதற்கு ஏற்ற ஒன்றைத் தொகுத்துத் தரும்படி ஆசிரியரை வேண்டினார். ஹிஜ்ரி 1071, ரமளான் மாதத்து இருபத்தேழாம் இரவில், அதாவது 1661இல், ஆசிரியர் அதை வாய்மொழியாகச் சொன்னதாக மரபு. அப்போது அவருக்கு வயது இருபத்தேழைத் தாண்டவில்லை. ஃபாத்திஹா அத்தியாயமும், ஆயத்துல் குர்ஸியும், அல்பகறா அத்தியாயத்தின் இறுதி வாசகங்களும் முதலில் ஓதப்பெற்று, பின் நபிமொழிகளில் காணப்படும் சிறு வாக்கியங்கள் பெரும்பாலும் மும்முறை வீதம் அடுக்கப்பட்டு, இறுதியில் ஏகத்துவக் கலிமா பலமுறை உரத்து உச்சரிக்கப்படுகிறது. இஷாத் தொழுகைக்குப் பின் ஓதுவது வழக்கம். ரமளானில் மட்டும் இஷாவுக்கு முன். முழுவதும் ஓதி முடிக்க நெடுநேரம் பிடிப்பதில்லை.

இந்தச் சுருக்கத்தில்தான் அதன் வெற்றி அடங்கியிருக்கிறது. நூல் வேண்டியதில்லை, விளக்கு வேண்டியதில்லை, ஆலிம் ஒருவர் உடனிருக்க வேண்டியதில்லை. ஒருவர் எடுத்துக் கொடுக்க மற்றவர் பின்தொடரலாம். எழுத்தறியாத கலாசியும் ஒரு மாதத்தில் மனப்பாடம் செய்துவிடலாம். மும்முறை திருப்பிச் சொல்லும் ஏற்பாடே, முதல் முறை தவறவிட்டவன் மூன்றாம் முறை சேர்ந்துகொள்வதற்காக வைத்ததுபோல் இருக்கிறது. ஹள்ரமௌத்துச் செய்யிதுகள் மரக்கலமேறி மலபாருக்கும் காயலுக்கும் இலங்கைக்கும் மலாய் நாட்டுக்கும் ஜாவாவுக்கும் சென்றபோது ராத்திபு அவர்களோடு சென்றது. முற்றுகைக்கென்று ஏற்பட்டது கப்பலுக்கும் பொருந்திவிட்டது. சுற்றிலும் பகை, நடுவில் ஒரு சிறு கூட்டம், வெளியேற வழியில்லை, அடுத்த நாள் என்ன ஆகும் என்று தெரியாது என்ற நிலை இரண்டுக்கும் பொதுவாயிற்றே.

தமிழ்க் கரையார் வந்ததை வாங்கிக்கொண்டதோடு நின்றுவிடவில்லை. சீதக்காதி வள்ளலின் காலத்தவரும், உமறுப் புலவர் சீறாப்புராணம் பாடுவதற்குத் துணைநின்றவராகச் சொல்லப்படுபவருமான சதக்கத்துல்லாஹ் அப்பா, 1632இல் காயல்பட்டினத்தில் பிறந்து 1703இல் மறைந்து கீழக்கரையில் அடங்கியவர். பக்தாது நகரத்து முஹ்யித்தீன் அப்துல் காதிர் ஜீலானியை விளித்து அவர் அரபியில் பாடிய யா குத்பா தமிழகத்தையும் இலங்கையையும் கடந்து ஓதப்படுகிறது. அவருக்குப் பின் 1816 முதல் 1898 வரை வாழ்ந்த கீழக்கரை மாப்பிள்ளை லெப்பை ஆலிம் என்னும் செய்யிது முஹம்மது, ராத்திபு ஜலாலிய்யாவைத் தொகுத்தார். அவருடைய அரூஸிய்யா வழியினர் கீழக்கரையிலும் இலங்கைக் கரையோர ஊர்களிலும் கூட்டமாக அமர்ந்து அதனை ஓதி வருகின்றனர். அரபு எழுத்தில் எழுதப்படும் தமிழாகிய அரபுத்தமிழில் மக்கானீ முதலிய நூல்களை எழுதிய அப்பேரறிஞர், ராத்திபை அரபியிலும் சட்டத்தைத் தமிழிலுமாக வைத்தது ஊன்றி நோக்கத்தக்கது: தெரிந்து நடக்க வேண்டியதற்குத் தாய்மொழி, கூடிக் குரலெழுப்ப வேண்டியதற்கு வேதமொழி என்பது அவர் கருத்தாயிருக்க வேண்டும். மக்காவில் 1872இல் காலமான முஹம்மது அல் ஃபாஸியின் வழியாக ஷாதுலிய்யா நெறியும் அந்நூற்றாண்டில் காயல்பட்டினத்துக்கும் கொழும்புக்கும் வந்து ஜாவியாக்கள் என்னும் மடங்களாக நிலைபெற்றது. அலெக்சாந்திரியாவில் இப்னு பதூதா கேட்ட ஹிஸ்பும் அந்நெறியின் உடைமையாகவே தாமிரபரணிக் கழிமுகத்துக்கு வந்து சேர்ந்தது.

அரபியில் ஓதியவர்கள் தமிழிலும் முறையிடாமல் இல்லை. தொண்டிக்கருகே குணங்குடியில் பிறந்து, சென்னை இராயபுரத்துப் பக்கத்தில் தவவாழ்வு நடத்தி, 1838இல் மறைந்த குணங்குடி மஸ்தான் சாகிபு அதே முஹ்யித்தீனை நோக்கி முஹ்யித்தீன் சதகத்தின் நூறு பாடல்களில் மன்றாடியிருக்கிறார். அவர்மேல் நான்மணிமாலை பாடியவர் மகாவித்துவான் சரவணப்பெருமாளையர். அந்தக் காலத்துச் சென்னையில் அதை விந்தையாக யாரும் நினைத்ததாகத் தெரியவில்லை.

நாகூரைச் சொல்லாமல் இப்பொருளை முடிக்க இயலாது. ஆயினும் அது பலரும் எழுதியது, ஆதலால் விரைந்து செல்கிறேன். பதினாறாம் நூற்றாண்டில் வாழ்ந்த ஷாகுல் ஹமீது நாயகம், நடுக்கடலில் ஓட்டை விழுந்த கப்பலைத் தாம் இருந்த இடத்திலிருந்தே கைக்கண்ணாடியை எறிந்து அடைத்துக் காத்தார் என்பது அங்குள்ள முதன்மையான அற்புதச் செய்தி. தஞ்சை மராட்டிய மன்னர் பிரதாபசிங்கர் கட்டிய 131 அடி மனாரா கடலிலிருந்து பார்ப்பவர்க்குக் கரையின் அடையாளமும் ஆயிற்று. சிங்கப்பூரின் தெலுக் ஆயர் தெருவில் 1828-30இல் எழுந்த நாகூர் தர்கா, பினாங்கின் சூலியா தெருவில் உள்ள தர்கா, இலங்கையின் கல்முனைக் கடற்கரைப் பள்ளி ஆகிய மூன்றும் அடக்கம் இல்லாத நினைவிடங்கள். உடல் ஓரிடத்தில் இருக்க மௌலிதும் கொடியும் பாத்திஹாவும் மட்டும் கடல் கடந்து போய்க் கட்டிடங்களை எழுப்பிக்கொண்டன. நாகூர்க் கந்தூரிக்குப் போகும் கூட்டத்தில் இக்கரையின் இந்து மீனவர்களும் இருப்பது யாவரும் அறிந்ததே.

சென்னை நகரத்துக்குள் இந்தப் பகிர்வின் எளிய வடிவத்தைப் பள்ளிவாசல் வாயில்களில் காணலாம். மஃரிபுத் தொழுகை முடிந்து வெளிவருவோர், கைக்குழந்தையோடு காத்து நிற்கும் பெண்களின் முன் நின்று, இரண்டொரு வாசகங்களை முணுமுணுத்து ஊதிச் செல்வார்கள். நிற்கும் பெண்களில் நெற்றியில் குங்குமம் இட்டவர்கள் பலர். குழந்தை இரவில் திடுக்கிட்டு அழுகிறது, பால் குடிக்க மறுக்கிறது, ஆகவே ஓதிப் பார்க்க வேண்டும் என்பதற்கு மேல் அவர்களும் விளக்கம் சொல்வதில்லை, இவர்களும் கேட்பதில்லை.

இவ்வோதல்களுக்கு எதிர்ப்பும் பழையதே. டமஸ்கஸ் நகரத்துப் பேரறிஞர் இப்னு தைமிய்யா, ஷாதுலியின் ஹிஸ்புகளைக் கண்டித்து ஒரு நூலே எழுதினார். மறுபுறம், பதினெட்டாம் நூற்றாண்டில் டில்லியின் சீர்திருத்தச் சிந்தனையாளர் ஷாஹ் வலியுல்லாஹ், ஹிஸ்புல் பஹ்ருக்குப் பாரசீகத்தில் விரிவுரை வகுத்தார். கடந்த நாற்பது ஆண்டுகளாகத் தமிழகத்தில் தவ்ஹீது பிரசாரகர்கள் எழுப்பிய விவாதமும் இந்தப் பழைய வழக்கின் தொடர்ச்சியே: நபி விதிக்காத எண்ணிக்கையையும் வேளையையும் விதிக்க நமக்கு அதிகாரம் ஏது என்பது ஒன்று, இறந்த பெரியாரை விளித்து உதவி கேட்பது இறைவனுக்கு இணைவைப்பதாகாதா என்பது மற்றொன்று. இரண்டும் எளிதில் தள்ளத்தக்க கேள்விகள் அல்ல. ஆனால் வாதிப்போர் இரு திறத்தாரும் எல்லா ஓதல்களையும் ஒரே கட்டாகக் கட்டிவிடுகிறார்கள். ஹத்தாது ராத்திபும் ஹிஸ்புல் பஹ்ரும் தம் காப்பு வேண்டுதலை இறைவனிடமே வைப்பவை; அவற்றின் மேல் முதற்கேள்வியை எழுப்பலாமே அன்றி இரண்டாவதை எழுப்ப இடமில்லை. யா குத்பாவும் முஹ்யித்தீன் சதகமும் பெரியாரை விளிப்பவை. அவற்றுக்கு இரண்டாம் கேள்வி பொருந்தும், அதற்கு மரபினர் தரும் விடையும் வேறு. எதிர்ப்பவர் ஒன்றின் குற்றத்தை மற்றதன்மேல் ஏற்றுவதும், ஆதரிப்பவர் ஒன்றின் தூய்மையை மற்றதற்குக் கடன் கொடுப்பதும் ஆராய்ச்சிக்கு உதவா.

மந்திரம் என்று ஒரே சொல்லில் இவற்றை ஒதுக்கிவிடும் பகுத்தறிவாளர் கூற்றும் எனக்கு உடன்பாடன்று. மந்திரம் விளைவை உத்தரவாதம் செய்கிறது; விளையாதபோது மந்திரவாதியின் பிழை என்கிறது. ஷாதுலியின் ஹிஸ்பு பக்தாதில் ஓதப்பட்டிருந்தால் 1258இல் அந்நகரம் மங்கோலியர் கையில் வீழ்ந்திராது என்று ஒரு பேச்சு அவர் பெயராலேயே வழங்குகிறது. அது பிற்காலச் சீடர்களின் ஆர்வம் என்று நான் கருதுகிறேன். ஓதலின் வாசகத்தில் அத்தகைய உத்தரவாதம் எதுவும் இல்லை. 2004 டிசம்பர் 26 காலையில் கடல் எழுந்து வந்தபோது நாகூரிலும் வேளாங்கண்ணியிலும் ஊரூர்க் குப்பத்திலும் அது எந்தச் சமயத்தாரையும் பெயர் கேட்டு விலக்கவில்லை. அதன் பிறகு எவருடைய ஓதலும் நின்றுவிடவும் இல்லை. பலன் ஒன்றையே கருதி ஓதியிருந்தால் அன்றே நின்றிருக்க வேண்டும்.

ஓதுவோர்தாம் மாறிவிட்டார்கள். தமிழ் முஸ்லிம் கடல்வணிகரான மரக்காயர்களின் பாய்மரக் கப்பல்கள் பத்தொன்பதாம் நூற்றாண்டில் நீராவிக் கப்பல்களின் முன் பின்னடைந்தன. காயல்பட்டினத்தாரும் கீழக்கரையாரும் கொழும்பிலும் சென்னை மண்ணடியிலும் கடை வைத்தார்கள், பின்னர் துபாய்க்கும் ஹாங்காங்குக்கும் விமானம் ஏறினார்கள். அஸருக்குப் பின் ஹிஸ்புல் பஹ்ர் ஓதுகிற இன்றைய வணிகர் பலர் ஒரு படகில்கூடக் கால் வைத்திருக்க மாட்டார்கள். குப்பத்து மீனவரோ கட்டுமரத்தை விட்டு ஃபைபர் படகுக்கு மாறி, கைப்பேசியில் வானிலை எச்சரிக்கையைப் பார்த்துவிட்டுத்தான் கடலுக்குப் போகிறார். அவருக்கு இவ்வோதல் தெரியாது. கடலை விட்டவர்களிடம் கடலின் ஓதல் தங்கியது எப்படி என்றால், அதற்கான இடம் அதன் வாசகத்திலேயே இருக்கிறது. எதிரே கிடக்கும் கடலை வசப்படுத்தக் கேட்ட உடனே, நிலத்திலும் வானத்திலும் உள்ள எல்லாக் கடல்களையும், இம்மைக் கடலையும் மறுமைக் கடலையும் வசப்படுத்தும்படி அது தொடர்ந்து கேட்கிறது. கடன், வழக்கு, நோய், மகளின் திருமணம் என்று எதனையும் அந்த ஒரு தொடருக்குள் வைத்துக்கொண்டு மண்ணடிக் கடைக்காரர் அதை ஓதலாம், ஓதுகிறார்.